பட்டாவில் இல்லாத உயரம்

(சித்தன்னவாசல் மலையடிவாரத்தில் நிகழ்த்திய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



சித்தன்னவாசலில் பேச வருகிறவர்கள் அறிவர் கோயிலின் விதானத்தில் உள்ள தாமரைக் குளத்தைப் பற்றிப் பேசுவார்கள். ஏழடிப்பட்டத்தின் பதினேழு கற்படுக்கைகளையும் அங்குள்ள தமிழ்பிராமிக் கல்வெட்டையும் பற்றிப் பேசுவார்கள். நான் இன்று பேச வந்தது மேடு பள்ளத்தைப் பற்றி. இந்த மலை எவ்வளவு உயரம், அதைச் சுற்றிக் கிடக்கும் பூமி எந்தப் பக்கம் எவ்வளவு சாய்கிறது, இதையெல்லாம் மனிதர்கள் எந்தக் கருவியால், எதற்காக அளந்தார்கள் என்பதுதான் பொருள்.

என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். உங்கள் வயலின் நீளமும் அகலமும் அரசாங்கத்திடம் இருக்கின்றன. பக்கத்து வயலுக்கு அது எத்தனை சென்டிமீட்டர் மேடு என்ற கணக்கு எந்தப் பதிவேட்டிலும் இல்லை. கண்மாய்த் தண்ணீரை நம்பிப் பிழைக்கிற மாவட்டத்தில் இது சிறிய குறை அல்ல. அளக்கத் தெரியாததால் வந்த குறையும் அல்ல. அளக்கச் சொன்னவர்கள் ஒவ்வொரு காலத்திலும் வேறு கேள்விக்கு விடை தேடினார்கள். அந்தக் கேள்விக்கு ஏற்ற வரைபடம்தான் நமக்கு மிஞ்சியது.

சோழர் காலத்திலிருந்து தொடங்குவோம். முதலாம் இராஜராஜன் காலத்தில், கி.பி. 1000-ஐ ஒட்டி, நாடு தழுவிய நில அளவை ஒன்று நடந்தது. 1086-இல் முதலாம் குலோத்துங்கன் மறுபடி அளந்தான். இங்கிலாந்தில் வில்லியம் மன்னன் தன் நாட்டு நிலங்களைக் கணக்கெடுத்துப் பதிவு செய்ததும் அதே ஆண்டுதான். அளவுகோலின் நீளத்தைக் கோயில் சுவரில் வெட்டி வைத்தார்கள். கோல் குறைந்துபோயிற்று என்று சந்தேகம் வந்தால் சுவரோடு ஒப்பிட்டுப் பார்த்துக்கொள்ளலாம். வேலி என்ற நில அளவில் இருபதில் ஒரு பங்கு மா, எண்பதில் ஒரு பங்கு காணி, முந்நூற்றிருபதில் ஒரு பங்கு முந்திரி. அதற்கும் கீழே மறுபடி மறுபடி பிரித்துக்கொண்டே போனார்கள்.

தஞ்சைக் கல்வெட்டுகளில் ஒரு வேலியை 5,242 கோடியே 88 லட்சம் பங்காக்கி, அதில் ஒரு பங்குவரை கணக்கு வருகிறது. வேலி என்பது 6.6 ஏக்கர் என்று வைத்துக்கொண்டால், அந்தக் கடைசிப் பங்கு அரை சதுர மில்லிமீட்டர். வரப்பில் நின்று எந்தக் கோலாலும் அப்படி அளக்க முடியாது. அது கணக்குப்பிள்ளையின் பெருக்கலில் பிறந்த எண். எண் நுணுக்கமாக இருப்பது ஒன்று, அளவு நுணுக்கமாக இருப்பது வேறொன்று. இன்றைய கருவிகளைப் பற்றிப் பேசும்போதும் இந்த வேறுபாடு நமக்குத் தேவைப்படும். சோழர்களுக்கு வேண்டியிருந்தது வரி. வரிக்குப் பரப்பு போதும், உயரம் வேண்டியதில்லை.

அடுத்து வந்தவர்களுக்கு வேறு தேவை. 1799-இல் ஸ்ரீரங்கப்பட்டணம் வீழ்ந்த பிறகு, கைக்கு வந்த பெரிய நிலப்பரப்பில் எந்த ஊர் எங்கே இருக்கிறது என்று கிழக்கிந்தியக் கம்பெனிக்குத் தெரிந்தாக வேண்டும். வில்லியம் லாம்ப்டன் என்ற ராணுவ அதிகாரிக்கு அதற்கும் மேல் ஓர் ஆசை இருந்தது: பூமியின் வடிவத்தை அளப்பது. 1802 ஏப்ரலில் சென்னையில், பரங்கிமலையை ஒட்டிய சமவெளியில் அவர் அடிக்கோடு ஒன்றை அளந்தார். நீளம் ஏறத்தாழ ஏழரை மைல். கையில் இருந்தது நூறு அடி நீள எஃகுச் சங்கிலி. வெயிலில் இரும்பு நீளும் என்பதால் சங்கிலியை மரப்பெட்டிகளுக்குள் கிடத்தி, மேலே கூடாரம் போட்டு, வெப்பமானி வைத்துச் சூட்டைக் குறித்து, நீட்சியைக் கழித்தார்கள். இப்படி நானூறு தடவை சங்கிலியை எடுத்து எடுத்து வைத்தார்கள்.

இவ்வளவு பாடுபட்டு ஒரே ஒரு கோட்டை அளந்ததற்குக் காரணம் உண்டு. ஒரு முக்கோணத்தின் ஒரு பக்கமும் இரண்டு கோணங்களும் தெரிந்தால் மற்ற இரண்டு பக்கங்களும் கணக்கிலேயே வந்துவிடும். அந்தப் பக்கத்தை அடிக்கோடாக வைத்து அடுத்த முக்கோணம், அதிலிருந்து அடுத்தது. பிறகு தரையில் சங்கிலி இழுக்க வேண்டியது சரிபார்ப்பதற்கு மட்டும்தான். மலையிலிருந்து மலைக்குக் கண்ணால் தாவிப் போகலாம். உயரத்துக்கும் இதே வித்தைதான். இந்த மலையின் உச்சிக்கு நேர் கீழே இருந்து 200 மீட்டர் தள்ளி நிற்கிறீர்கள். உச்சியைப் பார்க்கும் பார்வைக்கோடு கிடைக்கோட்டோடு 15 பாகை சாய்வு காட்டுகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். 15 பாகையின் டேஞ்சன்ட் 0.268. இருநூறால் பெருக்கினால் 53.6 மீட்டர், கருவி நிற்கும் உயரத்தையும் கூட்டிக்கொண்டால் மலையின் உயரம். பத்தாம் வகுப்புக் கணக்கு. உச்சிக்கு நேர் கீழே உள்ள புள்ளி மலைக்குள் புதைந்திருக்கிறதே, 200 மீட்டரை எப்படி அளப்பது என்று ஒரு மாணவர் கேட்கலாம். நல்ல கேள்வி. ஒரே கோட்டில் இரண்டு இடங்களில் நின்று இரண்டு கோணங்களை எடுங்கள். அந்த இரண்டு இடங்களுக்கு நடுவே உள்ள தூரம் போதும்.

கோணம் அளக்கும் கருவி தியோடலைட். லாம்ப்டனின் பெரிய தியோடலைட் அரை டன் எடை. அதன் கிடைவட்டம் மூன்றடி விட்டம். லண்டனில் கேரி என்பவர் செய்தது. கப்பலில் வரும்போது பிரெஞ்சுக்காரர்கள் பிடித்து மொரீஷியஸுக்குக் கொண்டுபோய், விஞ்ஞானக் கருவி என்று தெரிந்ததும் மரியாதையோடு திருப்பி அனுப்பினார்கள். அதற்கு உண்மையான கண்டம் நம் பக்கத்தில்தான் காத்திருந்தது. தஞ்சைச் சமவெளியில் ஏறி நின்று பார்க்க மலை கிடையாது. தென்னையும் பனையும் பார்வையை மறைக்கின்றன. ஆகவே கோயில் கோபுரங்களே மலையாயின. 1808-இல் தஞ்சைப் பெரிய கோயிலின் உச்சிக்குக் கருவியை ஏற்றியபோது கயிறு அறுந்து, கருவி சுவரில் மோதிற்று. வட்டம் நெளிந்துபோனது. லாம்ப்டன் அதைப் பிரித்துப் போட்டு, ஆறு வாரம் தட்டியும் நிமிர்த்தியும் சரிசெய்தார் என்பது அளவை வரலாற்றில் புகழ்பெற்ற கதை.

புதுக்கோட்டை வட்டாரம் அவருக்கு எவ்வளவோ மேல் என்று சொல்லத் தோன்றுகிறது. நார்த்தாமலை, குடுமியான்மலை, இந்தச் சித்தன்னவாசல் என்று சமவெளியிலிருந்து தனித்தனியாக எழுந்து நிற்கும் பாறைக் குன்றுகள் முக்கோண அளவைக்கென்றே செய்து வைத்த மாதிரி இருக்கின்றன. தரையிலிருந்து ஐம்பது மீட்டர் உயரத்தில் நிற்கும் ஒருவர் கண்ணுக்கு அடிவானம் இருபத்தைந்து கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. எதிரிலும் அதே உயரத்தில் ஒரு குன்று இருந்தால், இரண்டும் ஐம்பது கிலோமீட்டர் இடைவெளியில் ஒன்றையொன்று பார்த்துக்கொள்ளலாம்.

லாம்ப்டன் 1823-இல் இறந்தார். அவர் தொடங்கிய வேலையை ஜார்ஜ் எவரெஸ்ட் இமயமலை அடிவாரம்வரை கொண்டுபோனார். அங்கிருந்து 170 கிலோமீட்டருக்கும் அப்பால் தெரிந்த சிகரங்களுக்குக் கோணம் எடுத்தார்கள். கணக்குப் போட்டவர்களில் தலையானவர் வங்காளத்து ராதாநாத் சிக்தார். 29,002 அடி என்று அறிவிக்கப்பட்ட எவரெஸ்டின் உயரம், 2020-இல் நேபாளமும் சீனாவும் அறிவித்த 8,848.86 மீட்டரோடு ஒப்பிட்டால் பத்து மீட்டர்கூட வேறுபடவில்லை. உலகத்தின் மிக உயர்ந்த சிகரத்துக்கு அது வியக்கத்தக்க துல்லியம். ஒரு கண்மாய்க்கு அதே பிழை வந்தால் கண்மாயே வரைபடத்தில் இருக்காது.

மூன்றாவதாக வந்தது வருவாய்த் துறையின் அளவை. சென்னை மாகாணத்தில் 1858-இல் தொடங்கியது. 66 அடிச் சங்கிலி; பத்துச் சதுரச் சங்கிலி ஓர் ஏக்கர். கல் நட்டு, எண் கொடுத்து, புலத்துக்குப் புலம் படம் வரைந்தார்கள். 1923-இல் நில அளவை மற்றும் எல்லைகள் சட்டம் வந்தது. 1948-வரை சமஸ்தானமாக இருந்த இந்த மண்ணிலும் இன்று வழக்கில் இருப்பது அதே வகைப் படம்தான். தாலுகா அலுவலகத்தில் இந்தப் புலப்படத்தின், அதாவது எஃப்.எம்.பி.யின், நகல் வாங்கிப் பாருங்கள். ஜி லைன், எஃப் லைன் என்ற அளவைக் கோடுகள் இருக்கும், ஒவ்வொரு பக்கத்துக்கும் மீட்டர் கணக்கு இருக்கும். கல் பிடுங்கப்பட்டால் அந்த எண்களை வைத்தே மறுபடி நட்டுவிடலாம். அவ்வளவு நல்ல ஆவணம். அதில் உயரத்துக்கு ஒரு கட்டம்கூடக் கிடையாது. எல்லைத் தகராறுக்கு அது தேவையில்லை.

அப்படியானால் உயரத்தைக் காட்டும் வரைபடமே இல்லையா? இருக்கிறது. இந்திய சர்வே துறையின் இடவிளக்க வரைபடம். இந்த வட்டாரம் 58ஜே வரிசைத் தாள்களில் வருகிறது. அதில் பழுப்பு நிறத்தில் வளைந்து வளைந்து ஓடுவது சமஉயரக் கோடு. ஒரே உயரத்தில் உள்ள புள்ளிகளை எல்லாம் இணைத்தால் கிடைக்கும் கோடு. கோடுகள் நெருங்கினால் செங்குத்து; விலகினால் சரிவு குறைவு. மலையைப் புரிந்துகொள்ள இதைவிட நல்ல வழி இல்லை.

ஆனால் 1:50,000 தாளில் இரண்டு கோடுகளுக்கு நடுவே உயர வேறுபாடு 20 மீட்டர். இப்போது ஒரு கணக்குப் போடுவோம். புதுக்கோட்டை நகரம் கடல் மட்டத்திலிருந்து சுமார் 100 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. கோட்டைப்பட்டினம் கடற்கரை அங்கிருந்து ஏறத்தாழ 60 கிலோமீட்டர். சராசரியாகக் கிலோமீட்டருக்கு இரண்டு மீட்டர்கூடச் சரிவு இல்லை. அப்படியென்றால் ஒரு சமஉயரக் கோட்டிலிருந்து அடுத்ததற்குப் போகப் பத்துக் கிலோமீட்டருக்கு மேல் நடக்க வேண்டும். அந்தப் பத்துக் கிலோமீட்டருக்குள் மேல் கண்மாயின் கலிங்கு வழிந்து கீழ்க் கண்மாய்க்கு, அது நிறைந்து அதற்கும் கீழே என்று ஒரு சங்கிலியே கிடக்கும். வரைபடத்தின் பார்வையில் அந்த இடம் முழுவதும் சமதரை. படை நடத்தவும் சாலை போடவும் அது போதுமான வரைபடம். தண்ணீருக்கு அது வெற்றுத்தாள்.

நம் முன்னோர் இந்தச் சரிவை எப்படிக் கண்டுபிடித்தார்கள் என்றால், தண்ணீரையே கருவியாக்கினார்கள். தேங்கிய தண்ணீரின் மேற்பரப்பைவிட நேர்த்தியான மட்டப்பலகை கிடையாது. மழை பெய்த மறுநாள் நீர் எங்கே நிற்கிறது, எங்கே ஓடுகிறது என்று பார்த்துக் கரை போட்டார்கள். கலிங்கில் வரிசையாகக் கல் நிறுத்தி, மழைக்காலத்தின் கடைசியில் அந்தக் கற்களுக்கு இடையே மண் அடைத்து ஒரு சாண் தண்ணீர் கூடுதலாகத் தேக்கினார்கள். அந்த ஒரு சாணுக்காக மேலூருக்கும் கீழூருக்கும் நடந்த சண்டைகளை இங்கே உட்கார்ந்திருக்கும் பெரியவர்கள் என்னைவிட நன்றாகச் சொல்வார்கள். நம் ஊர்களில் உயரம் என்றால் இந்த ஒரு சாண்தான்.

ஒரு சாணை அளக்கும் கருவி எது? கட்டட வேலை செய்யும் கொத்தனாரைக் கேளுங்கள். தண்ணீர் நிரப்பிய ட்யூபின் இரண்டு முனையையும் இரண்டு சுவரில் பிடித்து மட்டம் பார்ப்பார். உள்ளே காற்றுக் குமிழி இல்லாமல் பார்த்துக்கொண்டால் சில மில்லிமீட்டருக்குள் சரியாக வரும். கொஞ்சம் தூரம் போக வேண்டுமானால் லெவல் கருவி. மூன்றுகாலில் நிறுத்திய தொலைநோக்கி, அது கிடைக்கோட்டில் மட்டும் பார்க்கும். எதிரே ஒருவர் அளவு எழுதிய கோலை, அதாவது ஸ்டாஃபைப் பிடித்து நிற்பார். உயரம் தெரிந்த இடத்தில் வைத்த ஸ்டாஃபில் 1.350 தெரிகிறது, அடுத்த இடத்தில் 2.100 தெரிகிறது. அடுத்த இடம் 75 சென்டிமீட்டர் தாழ்வு. முடிந்தது கணக்கு. இப்படியே கருவியை நகர்த்தி நகர்த்திப் போய், தொடங்கிய இடத்துக்கே சுற்றி வந்து சேர வேண்டும். வந்த உயரம் போன உயரத்தோடு பொருந்தாவிட்டால் எங்கோ பிழை. தன் பிழையைத் தானே காட்டிக்கொடுக்கும் முறை என்பதுதான் இதன் பெருமை.

இதில் இரண்டு கவனம் வேண்டும். பூமி உருண்டை, ஒரு கிலோமீட்டர் தள்ளிப் போனால் நேர்கோட்டுப் பார்வைக்கும் தரையின் வளைவுக்கும் எட்டுச் சென்டிமீட்டர் வித்தியாசம் வந்துவிடும். முன்னும் பின்னும் சம தூரத்தில் ஸ்டாஃபை வைத்தால் இரண்டு பிழையும் ஒன்றையொன்று அடித்துவிடும். இரண்டாவது, நம் ஊர் வெயில். பதினொரு மணிக்கு மேல் கானல் ஆடத் தொடங்கினால் ஸ்டாஃபின் எண்கள் நெளியும். காலையிலேயே வேலையை முடித்துவிடுவது நல்லது.

உயரம் தெரிந்த முதல் இடம் எங்கே கிடைக்கும்? ரயில் நிலையத்து மஞ்சள் பலகையில் ஊர்ப் பெயருக்குக் கீழே ஓர் எண் இருக்கும். கடல் மட்டத்திலிருந்து இத்தனை மீட்டர் என்று. அந்த எண்ணுக்குப் பின்னால் பெரிய உழைப்பு இருக்கிறது. துணைக்கண்டக் கரையோரம் ஒன்பது துறைகளில் கடலின் ஏற்ற இறக்கத்தைப் பல ஆண்டுகள் பதிந்து சராசரி எடுத்து, அங்கிருந்து லெவல் கருவியோடு நாடு முழுக்க நடந்தார்கள். 1909-இல் அந்தக் கணக்கு ஒழுங்கு செய்யப்பட்டது. கராச்சி, பம்பாய், கொச்சி, சென்னை ஆகியவற்றோடு நம் நாகப்பட்டினமும் அந்த ஒன்பதில் ஒன்று. அப்படி நடந்தவர்கள் வழி நெடுகப் பாறையிலும் பாலத்திலும் கட்டடங்களிலும் பெஞ்ச் மார்க் என்ற அடையாளத்தை வெட்டிவிட்டுப் போனார்கள்.

இப்போது செயற்கைக்கோள் காலம். கைப்பேசியைத் திறந்தால் உயரம் காட்டுகிறதே, இன்னும் எதற்கு ஸ்டாஃப் என்று கேட்பீர்கள். செயற்கைக்கோள் பூமியை ஒரு வழவழப்பான கணித உருண்டையாக எண்ணிக்கொண்டு அதன் மேல் உயரம் சொல்கிறது. கடலோ ஈர்ப்பு விசைக்கு அடங்கி மேடு பள்ளமாகக் கிடக்கிறது. உலகத்திலேயே மிக ஆழமான ஈர்ப்புப் பள்ளம் இலங்கைக்குத் தெற்கே இந்தியப் பெருங்கடலில் இருக்கிறது. அங்கே கடல்மட்டம் கணித உருண்டைக்கு 106 மீட்டர் கீழே. அந்தப் பள்ளத்தின் விளிம்பு நம் தமிழ்நாட்டையும் இழுத்துக்கொண்டிருக்கிறது. இங்கே வித்தியாசம் ஏறத்தாழ 90 மீட்டர். ஆகவே திருத்தம் செய்யாத செயற்கைக்கோள் கருவி, 100 மீட்டர் உயரத்தில் இருக்கும் புதுக்கோட்டையைக் கடற்கரை ஊர் போலக் காட்டும். தண்ணீர் ஓடுவது ஈர்ப்பு விசையைக் கேட்டுத்தான். கணித உருண்டையைக் கேட்டு அல்ல.

விண்ணிலிருந்து எடுத்த உயரப் படங்களும் இருக்கின்றன. 2000 பிப்ரவரியில் அமெரிக்க விண்கலம் எண்டெவர் பதினொரு நாள் ரேடாரால் உலக நிலப்பரப்பின் பெரும்பகுதியை அளந்தது. 2005-இல் ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து போன கார்ட்டோசாட்-1 இரண்டு கேமராக்களால் நிலத்தை இரட்டைப் படமாக எடுத்தது. நம் இரண்டு கண்கள் ஆழத்தை உணர்வதைப் போல, அந்த இரட்டைப் படத்திலிருந்து உயரம் கணக்கிடப்படுகிறது. இவை இலவசமாகவே கிடைக்கின்றன. ஆற்றுப் படுகை முழுவதையும் பார்க்க அருமையானவை. ஆனால் பிழை மீட்டர் கணக்கில். போதாக்குறைக்கு அந்த ரேடார் தழை அடர்ந்த இடத்தில் தரைவரை இறங்குவதில்லை. நம் மாவட்டத்துத் தைலமரக் காடுகளை அது மேடாகவே எழுதிவைக்கும். வெட்டிய மறு ஆண்டு அளந்தால் மேடு காணாமல் போயிருக்கும்! திரையில் மூன்று தசமம் வரை எண் தெரிகிறது என்று நம்பிவிடாதீர்கள். அரை சதுர மில்லிமீட்டர் நிலத்துக்குக் கணக்கு எழுதியவர்கள் நாம்.

நுணுக்கமான கருவிகளும் கைக்கெட்டும் தூரத்துக்கு வந்துவிட்டன. டோட்டல் ஸ்டேஷன் ஒளியை அனுப்பித் திரும்பப் பெற்றுத் தூரத்தை மில்லிமீட்டர் கணக்கில் சொல்லும். தெரிந்த இடத்தில் ஒரு கருவியை நிறுத்தி வைத்து, அதன் திருத்தத்தை வானொலியில் வாங்கிக்கொள்ளும் டிஜிபிஎஸ் சில சென்டிமீட்டருக்குள் உயரம் தரும். ட்ரோன் ஒரு காலையில் ஒரு கண்மாயைப் படம் எடுத்துவிடும். தரையில் சில குறிகளை முன்பே அளந்து வைத்திருந்தால் அதன் படத்திலிருந்து அங்குலக் கணக்கில் மேடு பள்ளம் வரையலாம். தண்ணீர் நிற்கும்போதும் சீமைக்கருவேலம் மூடியிருக்கும்போதும் அது உதவாது. 2021 பிப்ரவரியில் மத்திய அரசு வரைபட விதிகளைத் தளர்த்திவிட்டதால், இந்தியர்கள் இப்படி அளக்கவும் படம் வரையவும் முன்போல் அனுமதிக்கு அலைய வேண்டியதில்லை.

ஆக, கருவி இருக்கிறது, சட்டம் இடம் கொடுக்கிறது. கேள்விதான் இன்னும் கேட்கப்படவில்லை. அதன் விலையைத் தூர்வாரும்போது பார்க்கிறோம். கண்மாயில் இயந்திரம் இறங்குகிறது. எங்கே மண் நன்றாக இருக்கிறதோ அங்கே ஆழமாகத் தோண்டுகிறது. மடையின் அடிக்கல் எந்த மட்டத்தில் இருக்கிறது என்று யாரும் அளந்து வைக்கவில்லை. அடிக்கல்லுக்குக் கீழே தோண்டிய பள்ளத்தில் நிற்கும் தண்ணீர் வயலுக்கு வரவே வராது. கிணறுகளுக்கு அது ஊறலாம், மாடு குடிக்கலாம். பாசனக் கணக்கில் அது செத்த தண்ணீர். வரத்து வாய்க்காலின் வாயைவிடக் கண்மாயின் மேல்முனையில் மண் மேடிட்டிருந்தால், உள்ளே எவ்வளவு ஆழப்படுத்தினாலும் தண்ணீர் நுழையாது. செலவு செய்தும் கண்மாய் நிறையவில்லை என்று மழையைக் குறை சொல்கிறோம். பல இடங்களில் குறை மட்டத்தில் இருக்கிறது.

ஆகவே ஒரு வேண்டுகோள். ஒவ்வொரு கண்மாய்க்கும் ஐந்து எண்கள் போதும். வரத்து வாய்க்கால் உள்ளே நுழையும் வாயின் மட்டம், கரையின் மிகத் தாழ்ந்த இடத்தின் மட்டம், கலிங்கின் மட்டம், ஒவ்வொரு மடையின் அடிக்கல் மட்டம், படுகையின் ஆழமான இடத்தின் மட்டம். கலிங்குக் கல்லிலேயே ஒரு குறியை வெட்டி, அதைச் சுழி என்று வைத்துக்கொண்டு மற்றதை அளந்தாலும் அந்த ஊருக்குப் போதும். பிறகு பெஞ்ச் மார்க்கோடு இணைத்தால் மேல் கண்மாய், கீழ்க் கண்மாய் எல்லாம் ஒரே கணக்கில் வந்துவிடும். பாலிடெக்னிக்கில் சிவில் படிக்கும் பிள்ளைகள் ஆண்டுதோறும் கல்லூரி மைதானத்தை அளந்து ரெக்கார்டு நோட்டில் எழுதுகிறார்கள். அந்தப் பயிற்சியைக் கோடையில் வற்றிய கண்மாயில் செய்யட்டும். ஸ்டாஃப் பிடிக்க ஊர்ப் பிள்ளைகள் போகட்டும். அளந்ததைக் கிராம சபையில் படித்துக் காட்டுங்கள். தூர்வார வரும் ஒப்பந்தக்காரரிடம் அந்தத் தாளைக் கொடுத்து, மடையின் மட்டத்துக்குக் கீழே போகாதே, வாய்க்கால் வாயில் இத்தனை சென்டிமீட்டர் வெட்டு என்று சொல்லுங்கள். வேலை முடிந்ததும் மறுபடி அளந்து பாருங்கள்.

அளவை எப்போதும் மேலேயிருந்து வந்திருக்கிறது: அரசனுக்காக, கம்பெனிக்காக, வருவாய்த் துறைக்காக. தண்ணீருக்கான அளவையை மட்டும் அந்தத் தண்ணீரைப் பங்கு போடுகிறவர்களே தொடங்க முடியும். எந்த இடத்தில் ஒரு சாண் முக்கியம் என்பது அவர்களுக்குத்தான் தெரியும். லெவல் கருவியை எப்படி நிறுத்துவது, எண்களை எப்படி எழுதுவது என்று தெரிந்துகொள்ள விரும்புகிறவர்கள் கூட்டம் முடிந்ததும் இருங்கள். கருவி வந்திருக்கிறது.